வாயிலில் வந்து நிற்பவர்

(அட்சய திருதியை விழாவில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)



அட்சய திருதியை என்றவுடன் இன்று ஊராரின் நினைவில் எழுவது நகைக்கடை வாயிலில் நிற்கும் கூட்டம். சமணக் குடும்பங்களுக்கு இந்நாள் நினைவூட்டுவது வேறொரு வாயிலை. அது அத்தினாபுரத்து அரண்மனை வாயில். முதல் தீர்த்தங்கரராகிய ஆதிநாதர் துறவு பூண்டபின் ஆறு திங்கள் உண்ணா நோன்பில் நின்றார். நோன்பு முடிந்து உணவின் பொருட்டு ஊர்தோறும் நடந்தார். எவ்வூரிலும் உணவு கிடைக்கவில்லை. மக்கள் அன்பில்லாதவர் அல்லர். தங்கள் தலைவர் வருகிறார் என்று ஓடி வந்தனர். பொன்னும் மணியும் கொண்டுவந்து வைத்தனர். யானையும் குதிரையும் நிறுத்தினர். தம் மகளிரையே கொடுக்க முன்வந்தவரும் உண்டு. ஆனால் ஒரு துறவிக்கு எதை எவ்வாறு ஈவது என்பதை அக்காலத்தில் அறிந்தவர் ஒருவருமில்லை. ஆகவே அன்பு ஊரெங்கும் நிறைந்திருந்தும் ஆதிநாதர் மேலும் பல திங்கள் பட்டினியாகவே நடந்தார்.

அத்தினாபுரத்தில் சிரேயாம்ச மன்னன் அவரைக் கண்டபொழுது முற்பிறவி நினைவு எய்தினான். அப்பிறவியில் ஆதிநாதர் வச்சிரசங்கன். சிரேயாம்சன் அவன் மனைவி சிரீமதி. கணவனும் மனைவியுமாக இருவரும் முனிவர்களுக்கு ஆகாரதானம் செய்தவர்கள். அந்த நினைவினால் வந்தவருக்கு வேண்டுவது இன்னது என்று சிரேயாம்சன் அறிந்தான். கருப்பஞ்சாற்றைக் கையில் வார்த்தான். உலகில் நிகழ்ந்த முதல் ஆகாரதானம் அதுவே என்று ஆதிபுராணமும் தமிழில் வழங்கும் ஸ்ரீபுராணமும் கூறுகின்றன.

இந்நிகழ்ச்சியில் ஊன்றி நோக்கத்தக்க செய்தி ஒன்று உண்டு. வாயிலில் வந்து நிற்பவர் மீது அன்பிருப்பது மட்டும் போதாது. அவருக்கு வேண்டுவது எது என்னும் அறிவும் வேண்டும். அந்த அறிவில்லாத அன்பு, வந்தவரைப் பட்டினியாகத் திருப்பி அனுப்பிவிடும்.

இன்று தாம்பரத்திலும் சுற்றுப்புறங்களிலும் வாழும் தமிழ்ச் சமணக் குடும்பங்களின் வாயிலில் புதுவகை விருந்தினர் ஒருவர் வந்து நிற்கத் தொடங்கியிருக்கின்றார். மகளோ மகனோ தானே தேர்ந்துகொண்ட வாழ்க்கைத் துணையாக வரவிருப்பவர், பெற்றோரை முதன்முறையாகக் காண வருகின்றார். அதுபோலவே இவ்வீட்டுப் பிள்ளைகளும் வேறொரு வீட்டின் வாயிலில் போய் நிற்கின்றனர். அந்த முதற்சந்திப்பைக் குறித்ததே இவ்வுரை.

புதியவர் இல்லாத ஊர்களிலிருந்து

வந்தவாசி, செய்யாறு, ஆரணி, செஞ்சி, திண்டிவனம் ஆகிய பகுதிகளின் சிற்றூர்களில் மூன்று தலைமுறைக்கு முன் மணம் முடித்தவர்களுக்கு இப்படியொரு சந்திப்பே நேர்ந்ததில்லை. மாமியார் ஆகப்போகின்றவர் பெரும்பாலும் பிறந்தது முதல் அத்தை என்று அழைக்கப்பட்டவராகவே இருப்பார். மாமனார் தாய்மாமனாக இருப்பார். இல்லையேல் மேல்சித்தாமூர் மடத்துத் தேர்விழாவிலும் பொன்னூர் மலையிலும் ஆண்டுதோறும் கண்டு பழகியவராக இருப்பார். எந்த வீட்டில் எதை உண்பர், எதை விலக்குவர், எத்தனை மணிக்கு அடுப்பை அணைப்பர் என்று எவரும் எவரையும் கேட்க வேண்டியிருந்ததில்லை. எல்லா வீடும் ஒரே வீடு போல இருந்தது.

அவ்வூர்களிலிருந்து படிப்புக்காகவும் பணிக்காகவும் புறப்பட்ட பலரைத் திண்டிவனம் வழியாக வரும் நெடுஞ்சாலை தாம்பரத்தில் கொண்டுவந்து சேர்த்தது. கடற்கரை நிலையத்துக்கும் தாம்பரத்துக்கும் இடையே 1931 முதல் மின்சார ரயில் ஓடுகின்றது. சென்னைக் கிறித்தவக் கல்லூரி 1937 இல் இங்கு இடம்பெயர்ந்து வந்தது. 1980களில் சானடோரியம் அருகே ஏற்றுமதி வளாகம் அமைந்தது. ஊரில் நிலத்தையும் சினாலயத்தையும் உறவினர் பொறுப்பில் விட்டுவந்த ஆசிரியர்களும் அரசு ஊழியர்களும் வங்கிப் பணியாளர்களும் குரோம்பேட்டை, சேலையூர், முடிச்சூர், பெருங்களத்தூர் என்று வீடு கட்டிக் குடியேறினர். ஊர்ப் பேருந்து நிற்குமிடத்துக்குப் பக்கத்தில் இருந்தால் போதும் என்பதே பலருடைய கணக்கு. 2021 இல் தாம்பரம் மாநகராட்சியாயிற்று. 2023 டிசம்பர் இறுதியில் கிளாம்பாக்கத்தில் புதிய பேருந்து முனையம் திறக்கப்பட்டது. ஊருக்குப் போகும் வழி இன்னும் அருகில் வந்துவிட்டது. ஆனால் ஊரின் பழைய ஏற்பாடு மட்டும் உடன் வரவில்லை.

இவர்களுடைய பிள்ளைகள் சிறுசேரியிலும் கிண்டியிலும் பணிபுரிகின்றனர். பலவகை மக்களோடு பழகுகின்றனர். தமிழ்நாட்டில் சமணர் தொகை 2011 ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி 89,265. அதிலும் வடபுலத்திலிருந்து வந்து குடியேறியவரை நீக்கினால் தமிழ்ச் சமணர் சிறு தொகையினரே. ஓர் அலுவலகத்தில் ஆயிரம் பேர் இருந்தால் அதில் இன்னொரு நயினார் வீட்டுப் பிள்ளை இருப்பது அரிது. பிள்ளைகள் மனம் விரும்பும் துணை பிற சமூகத்தைச் சேர்ந்தவராக இருப்பது வியப்புக்குரியதன்று. ஆகவே, ஒருநாள் மாலை மகள் அடுக்களை வாயிலில் வந்து நின்று, “அம்மா, ஒருவரை வீட்டுக்கு அழைத்து வரட்டுமா?” என்று கேட்கின்றாள்.

இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள்

பின்வரும் இரண்டு காட்சிகளும் கற்பனையே. எனினும் இவற்றைக் கேட்போர் தத்தமக்குத் தெரிந்த வீடுகளை நினைத்துக்கொள்வது இயல்பு.

முதற்காட்சி குரோம்பேட்டையில். ஒரு சமணக் குடும்பத்துப் பெண், தான் விரும்பும் இளைஞனின் வீட்டுக்கு முதன்முறையாகச் செல்கின்றாள். நவம்பர்த் திங்களின் இறுதி ஞாயிறு. அந்நாள்களில் சென்னையில் மாலை ஐந்தே முக்காலுக்குள் கதிரவன் மறைந்துவிடும். ரயில் காலந்தாழ்ந்தது. அவள் வாயிலில் கால் வைத்தபொழுது மணி ஆறரை. இளைஞனின் தாய் பகலெல்லாம் நின்று சமைத்திருந்தார். சின்ன வெங்காயச் சாம்பார், உருளைக்கிழங்கு வறுவல், பாயசம். இலை போட்டாயிற்று. அவளோ இரவில் உண்பதில்லை; கிழங்கும் வெங்காயமும் பிறந்தது முதல் தொட்டதில்லை. எப்படிச் சொல்வதென்று தெரியாமல், “பசியில்லை, ஆன்ட்டி” என்கின்றாள். அந்தத் தாயின் முகம் வாடுகின்றது. தன் கைச்சமையல் பிடிக்கவில்லை போலும், அல்லது தங்கள் வீட்டில் உண்ணுவதை இவர்கள் தாழ்வாகக் கருதுகின்றனர் போலும் என்று அவர் எண்ணுகின்றார். எவரும் ஒரு கடுஞ்சொல் பேசவில்லை. ஆயினும் அன்று மாலை இரண்டு மனங்கள் புண்பட்டன. அவள் மாலை ஆறுக்குமேல் எதுவும் உண்பதில்லை என்பதை அலுவலகத்தில் நாள்தோறும் கண்டிருந்தவன் அந்த இளைஞன். அதை வீட்டில் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும் என்று அவனுக்குத் தோன்றவில்லை.

இரண்டாவது காட்சி மேற்குத் தாம்பரத்தில். ஒரு சமண இல்லத்துக்கு அவ்வீட்டு மகள் விரும்பும் இளைஞன் வருகின்றான். வெறுங்கையோடு வரலாகாது என்று எண்ணி, எங்கெங்கோ தேடி நல்ல மலைத்தேன் ஒரு புட்டி வாங்கி வந்திருக்கின்றான். சைவ உணவு உண்போர்க்குத் தேனைவிடச் சிறந்த பரிசு வேறில்லை என்பது அவன் எண்ணம். தந்தை அப்புட்டியை மேசைமேல் தள்ளி வைத்து, “இந்த வீட்டில் தேன் தொடுவதில்லை” என்கின்றார். அச்சொல் உண்மையே. கள்ளோடும் புலாலோடும் சேர்த்து விலக்கப்படும் மூன்றாவது பொருள் தேன். ஆனால் அது சொல்லப்பட்ட முறையில் வந்தவன் சுருங்கிப் போகின்றான். தொடர்ந்து வினாக்கள் எழுகின்றன. சொந்த ஊர் எது, என்ன சாதி, சம்பளம் எவ்வளவு, இருக்கும் வீடு சொந்தமா வாடகையா, தம்பிக்கு வேலை உண்டா. வாழைக்காய் பஜ்ஜியும் கேசரியும் தட்டில் ஆறிக்கொண்டிருக்கின்றன. அரைமணி நேரத்தில் அவன் விடைபெற்றுப் போகின்றான்.

அதன்பின் அம்மகள் வீட்டில் அவனைப் பற்றிப் பேசுவதில்லை. பெற்றோர் அச்செய்தி முடிந்துவிட்டது என்று ஆறுதலடைகின்றனர். உண்மையில் முடிந்தது வேறு. வீட்டில் மனந்திறந்து பேசும் வழக்கத்தைத்தான் அவள் விட்டிருக்கின்றாள். இனி அவள் எடுக்கும் எந்த முடிவும் பெற்றோர் செவிக்கு இறுதியாகத்தான் வந்து சேரும்.

இவ்விரு வீடுகளிலும் தீயவர் எவருமில்லை. அங்கே சமைத்தவரும் இங்கே வினவியவரும் தம் பிள்ளையின் மீது கொண்ட அன்பினாலேயே அவ்வாறு செய்தனர். ஆதிநாதர் முன் பொன்னையும் யானையையும் கொண்டு வைத்த மக்களின் நிலையே இவர்கள் நிலையும்.

மாதரியின் வீட்டில்

புதியவரை ஏற்கும் முறைக்குத் தமிழிலக்கியத்தில் ஓர் உயர்ந்த சான்று உண்டு. அது சிலப்பதிகாரத்தில் மதுரைப் புறஞ்சேரியில் நிகழ்வது. கோவலனும் கண்ணகியும் சமணத் துறவியாகிய கவுந்தியடிகளோடு புகாரிலிருந்து நடந்து மதுரையை அடைகின்றனர். கவுந்தியடிகள் கண்ணகியை ஆயர்குல முதுமகளாகிய மாதரியிடம் அடைக்கலமாக ஒப்புவிக்கின்றார். இவளுக்குத் தோழியும் காவலும் தாயும் நீயே ஆகித் தாங்குக என்பது அடிகள் விடுத்த வேண்டுகோள்.

மாதரி சமணப்பெண் அல்லள். அவள் ஊரார் திருமாலை வழிபடுவோர். பாலும் தயிரும் விற்று வாழும் எளிய குடியினள். பெருவணிகர் குடியில் பிறந்த ஒருத்தியைத் தன் சிறுமனையில் வைத்துப் பேணவேண்டிய பொறுப்பு அவளுக்கு ஒரே நாளில் வந்து சேர்ந்தது. அவள் செய்தவை இரண்டு.

முதலாவது, தன் மகள் ஐயையைக் கண்ணகிக்கு நாத்தூணாக, அதாவது கணவனுடன் பிறந்தாளாக ஆக்கிவிடுகின்றாள். வந்தவளை விருந்தினள் என்று தள்ளி நிறுத்தாமல் உறவுமுறை ஒன்றைச் சொல்லி உள்ளே அழைக்கின்றாள். புதியவர் ஒருவருக்கு அவ்வீட்டில் இடம் உண்டு என்று காட்டுவதற்கு இதைவிடச் சுருக்கமான வழி இல்லை.

இரண்டாவது, கோவலன் சாவக நோன்பி என்பதை அவள் அறிந்து வைத்திருக்கின்றாள். சாவகன் பகற்பொழுதிலேயே உண்ண வேண்டும். கலங்கள் தூயனவாக இருக்க வேண்டும். ஆகவே, காலந்தாழ்த்தாமல் நல்ல கலங்களைக் கொடுங்கள் என்று தன் வீட்டாரை ஏவுகின்றாள். ஆயர் மகளிர் கலங்களோடு கொண்டுவந்து கொடுத்த பொருள்களை இளங்கோவடிகள் பட்டியலிடுகின்றார். பலாக்காய், வரிகளையுடைய வெள்ளரிக்காய், மாதுளங்காய், மாங்கனி, வாழைப்பழம், சாலியரிசி, தம் குலத்துக்கு உரிய பால் முதலியன. இப்பட்டியலில் மண்ணுக்குள் விளையும் கிழங்கு ஒன்றேனும் இல்லை. சமணர் வீட்டு அடுக்களையை அறிந்தவர்க்கு அதன் பொருள் உடனே விளங்கும்.

மாதரி தன் சமயத்தை மாற்றிக்கொள்ளவில்லை. கோவலனின் நோன்பையும் தளர்த்தச் சொல்லவில்லை. அவ்வாயர்பாடியில் திருமாலுக்குக் குரவைக்கூத்து நிகழத்தான் செய்தது. அதே பாடியில் ஒரு சிறுமனையில் சாவக நோன்பிக்குப் பகலில் அடிசில் ஆயிற்று. இரண்டும் ஒன்றையொன்று இடறவில்லை. சமணர் போற்றும் அநேகாந்தம் என்னும் கொள்கையை, அதன் பெயரையும் அறியாத ஆயர்குலப் பெண் ஒருத்தி தன் முற்றத்தில் நடத்திக் காட்டினாள். அடைக்கலமாக வந்தவர்க்கு நேர்ந்த துன்பத்தைத் தாங்கமாட்டாமல் அவள் பின்னர் எரியில் புகுந்து உயிர் நீத்தாள் என்று காப்பியம் கூறுவதிலிருந்து, அவள் அவர்களைப் பெற்ற மக்களாகவே கொண்டிருந்தாள் என்பது புலனாகும்.

குரோம்பேட்டைத் தாய்க்கும் மாதரிக்கும் அன்பில் வேறுபாடில்லை. மாதரிக்கு வந்தவரைப் பற்றி முன்கூட்டியே தெரிந்திருந்தது. குரோம்பேட்டைத் தாய்க்கு எவரும் சொல்லவில்லை. அவ்வளவே வேறுபாடு.

ஒன்பதில் ஒன்று

முனிவர்க்கு ஆகாரம் அளிக்கும் இல்லறத்தார் கடைப்பிடிக்க வேண்டிய ஒன்பது முறைகளைச் சமண நூல்கள் வகுத்துள்ளன. எதிர்கொள்ளல், இடமளித்தல், கால் கழுவுதல், அருச்சித்தல், அடிபணிதல், மனத்தூய்மை, மொழித்தூய்மை, மெய்த்தூய்மை, உணவுத்தூய்மை என்பன அவை. முனிவரை எதிர்கொள்ளும் இல்லத்தார் மனமும் மொழியும் மெய்யும் உணவும் தூயன என்று வாயிலிலேயே உரைத்து அழைப்பது இன்றும் வழக்கில் உள்ளது.

வருங்கால மருமகன் முனிவர் அல்லர். அவருக்கு அருச்சனை வேண்டியதில்லை. ஆயினும் அந்த ஒன்பதின் வரிசையைச் சற்று எண்ணிப் பார்க்கலாம். முதலில் நிற்பது எதிர்கொள்ளல். இறுதியில் நிற்பது உணவுத்தூய்மை. உணவுக்கு முன்னரே மனமும் மொழியும் தூயனவாதல் வேண்டும் என்று வகுத்தோர் கருதினர். தமிழ்ச் சமண இல்லங்கள் உணவுத்தூய்மையைப் பல நூற்றாண்டுகளாகக் காத்து வந்துள்ளன. நீரை வடிகட்டிப் பருகுவதும், பொழுது சாயுமுன் உண்டு முடிப்பதும், கிழங்கை நீக்குவதும் ஊரை விட்டு வந்தும் பல வீடுகளில் தளரவில்லை. அதே அளவு கவனம் முதற்சந்திப்பில் மொழித்தூய்மைக்கும் உரியது. ஓர் எறும்புக்கும் நோவு வரலாகாது என்று விளக்கைத் தாழ்த்தி வைக்கும் வீட்டில், வந்த பிள்ளை ஒன்று சொல்லினால் நோகலாகாது.

தேனை மறுக்க வேண்டும். அதில் தளர்ச்சி தேவையில்லை. ஆனால், “தம்பி, தேடி வாங்கி வந்தீர்கள், மிக்க மகிழ்ச்சி. தேனீக்களுக்குத் துன்பம் நேர்வதால் நாங்கள் தேன் உண்பதில்லை. உங்களுக்கு அது தெரிந்திருக்க வழியில்லை” என்று சொன்னால் நோன்பும் நிற்கும், வந்தவர் மனமும் நிற்கும். இன்னொரு நன்மையும் உண்டு. சமணம் என்றால் என்ன என்பதை அவ்விளைஞன் முதன்முதலாகக் கேட்டறிந்த இடம் அதுவாக இருக்கும். கருணையை அடிப்படையாகக் கொண்ட ஓர் அறத்தை அவமதிப்பின் வாயிலாக அறிமுகம் செய்வது பொருந்துமோ?

பெற்றோர் வினவவே கூடாதோ என்று ஐயம் எழலாம். வினவ வேண்டும். மகளின் வாழ்வு குறித்து வினவாத பெற்றோர் கடமை தவறியவராவர். ஆனால் வினாக்களில் வேறுபாடு உண்டு. சம்பளமும் சொத்தும் பின்னர் அறிந்துகொள்ளக் கூடியவை. முதல்நாளில் அறிய வேண்டியவை வேறு. இவர் தம் தாய் தந்தையரைப் பற்றி எவ்வாறு பேசுகின்றார்? மகள் பேசும்பொழுது இடைமறிக்காமல் கேட்கின்றாரா? இரவில் உண்ணாமை முதலிய அவளுடைய நோன்புகளை அறிந்திருக்கின்றாரா, அவற்றை மதிக்கின்றாரா? நாளை பிறக்கும் குழந்தைகளைச் சினாலயத்துக்கு அழைத்துச் செல்ல அவருக்கு மனத்தடை உண்டா? இவற்றுக்கு விடை பெரும்பாலும் வினவாமலே கிடைக்கும். அருகிலிருந்து பொறுமையாகக் கவனிக்க வேண்டும்.

மறுத்தலும் ஒப்புதலும்

முதற்சந்திப்புக்குப் பின்னும் பெற்றோர் மனம் ஒப்பாதிருக்கலாம். அதற்குக் காரணங்கள் உண்டு. சிறு தொகையினராகிய சமூகத்தில் ஒவ்வொரு மணமும் அடுத்த தலைமுறையில் சினாலயத்தில் விளக்கேற்றுவோர் எவர் என்னும் வினாவைத் தாங்கி நிற்கின்றது. ஊரில் பாட்டி கேட்கும் கேள்விக்கு என்ன விடை சொல்வது என்னும் அச்சமும் உண்டு. இவ்வச்சங்களை இளைஞர்கள் பழமைவாதம் என்று தள்ளிவிடுதல் தகாது. அவை அன்பிலிருந்தும் இழப்பு நேருமோ என்ற கவலையிலிருந்தும் எழுபவை.

ஒப்பாத பெற்றோரும் உறுதி குலையாத பிள்ளைகளும் எவ்வாறு நடந்துகொள்ளலாம் என்பதற்குத் தமிழ்நாட்டு வரலாற்றில் அனைவரும் அறிந்த ஒரு நிகழ்ச்சி உண்டு. காந்தியடிகளின் இளைய மகன் தேவதாசும் இராஜாஜியின் மகள் இலட்சுமியும் ஒருவரையொருவர் விரும்பினர். ஒருவர் குஜராத்தி வணிகர் குலம்; மற்றவர் தமிழ் அந்தணர் குலம். சாதி கடந்த மணம் அந்நாளில் பெரும்புயல். தந்தையர் இருவரும் நெருங்கிய நண்பர்கள். ஆயினும் உடனே ஒப்பவில்லை; முற்றாக மறுக்கவும் இல்லை. ஐந்தாண்டுகள் ஒருவரையொருவர் காணாமலும் கடிதம் எழுதாமலும் இருங்கள், அதன்பின்னும் மனம் மாறாதிருந்தால் ஒப்புகின்றோம் என்றனர். பிள்ளைகள் சொன்னபடி காத்திருந்தனர். தந்தையரும் சொன்னபடி ஒப்பினர். 1933 ஜூன் 16 அன்று புணேயில் மணம் நிகழ்ந்தது. காந்தியடிகள் இருபத்தொரு நாள் உண்ணாநோன்பை முடித்துச் சில வாரங்களே ஆகியிருந்த காலம் அது.

இக்காலத்தில் ஐந்தாண்டு காத்திருக்கச் சொல்வது பொருந்தாது. அந்நிகழ்ச்சியில் கொள்ளத்தக்கது கால அளவன்று. பெற்றோர் தம் ஐயத்தை மறைக்காமல் சொன்னார்கள். அந்த ஐயம் எப்பொழுது தீரும் என்பதையும் சொன்னார்கள். தீர்ந்தபின் வாக்கு மாறவில்லை. பிள்ளைகளும் ஒளிவு மறைவு செய்யவில்லை. காலங்கடத்திக்கொண்டே போனால் மறந்துவிடுவாள் என்னும் எண்ணத்தோடு ‘பார்க்கலாம்’ என்று சொல்வது வாய்மை ஆகாது. அச்சொல் பொய்யாகப் போவதை மகள் அறிவாள்.

காந்தியடிகளின் வாழ்வில் இன்னொரு செய்தியும் இங்கு நினைக்கத்தக்கது. 1888 இல் அவர் இங்கிலாந்து செல்ல விரும்பியபொழுது தாய் புத்லிபாய் அஞ்சினார். அக்குடும்பத்துக்கு அறிவுரை கூறி வந்த பேசர்ஜி சுவாமி என்னும் சமணத் துறவி அவ்வச்சத்துக்கு வழி கண்டார். மது, மாது, புலால் மூன்றையும் தொடுவதில்லை என்று மகனைச் சூளுரைக்கச் செய்தார். தாயின் அச்சம் எதைப் பற்றியது என்று பிரித்தறிந்து, அதற்கு மட்டும் ஓர் உறுதி பெறப்பட்டது. பயணம் தடைபடவில்லை, தாயின் மனமும் அமைதியுற்றது. பெற்றோர் தம் மனத்தடை இன்னது என்று பிரித்துச் சொல்லிவிட்டால் அதற்குத் தீர்வு காண இயலும். சொல்லாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டால் எவராலும் எதுவும் செய்ய இயலாது.

சட்டத்தைப் பற்றிய ஓர் அச்சமும் சில வீடுகளில் உண்டு. 1955 ஆம் ஆண்டின் இந்துத் திருமணச் சட்டம் சமணர்க்கும் பொருந்தும். ஆகவே சமணரும் இந்துவும் மணந்துகொள்ள ஒருவர் மற்றவர் சமயத்துக்கு மாற வேண்டும் என்னும் தேவை சட்டத்தில் இல்லை. பிற சமயத்தாரோடு மணம் எனில் 1954 ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டம் உண்டு; முப்பது நாள் முன்னறிவிப்போடு அவரவர் சமயத்திலிருந்தவாறே மணம் புரியலாம். ஆகவே, ‘மாறுவாயா?’ என்னும் வினாவை முதல்நாளில் எழுப்பவேண்டிய கட்டாயம் எவருக்கும் இல்லை.

வாயிலைத் திறக்கும் முன்

பிள்ளைகள் செய்யவேண்டியது ஒன்று. இரு வீட்டாரையும் அறிந்தவர்கள் அவர்கள் மட்டுமே. அந்த அறிவைத் தம்மிடமே வைத்துக்கொண்டு இரு தரப்பையும் சந்திக்கச் செய்வது, கண்ணைக் கட்டிவிட்டுப் படியேறச் சொல்வது போன்றது. எங்கள் வீட்டில் வெங்காயம், பூண்டு, கிழங்கு இல்லை, பொழுது சாய்ந்தபின் உணவில்லை, தேன் வேண்டாம், பழம் வாங்கி வா என்று முன்னரே சொல்லலாம். வீட்டுக்கு வீடு வழக்கம் வேறுபடும் ஆதலின் தத்தம் வீட்டு வழக்கத்தைத் தெளிவாகச் சொல்வது நன்று. அவ்வாறே பெற்றோரிடமும், அவருக்குத் தந்தை இல்லை, அதைப் பற்றி முதல்நாளில் கேட்க வேண்டாம் என்பது போன்றவற்றை முன்னரே சொல்லி வைக்கலாம்.

பெற்றோர் செய்யவேண்டியதும் பெரிதன்று. மாலை வேளையை விட்டு முற்பகலில் அழைத்தால் உணவு பற்றிய நெருக்கடியே எழாது. பதினொரு மணிக்கு வந்தவர் ஒரு மணிக்குள் அமைதியாக உண்டு எழலாம். உண்ணும்பொழுது வினாக்களை நிறுத்திவைக்கலாம். சினாலயத்துக்கு உடன் வர விருப்பமா என்று கேட்கலாம். விருப்பமில்லை எனில் வற்புறுத்தாதிருக்கலாம். விடைபெறும்பொழுது மகளை மட்டும் உள்ளே அழைத்துப் பேசாமல், இருவரையும் வாயில் வரை வந்து வழியனுப்பலாம். ஒப்புதல் அன்றே சொல்ல வேண்டியதில்லை. ‘மீண்டும் வாருங்கள்’ என்று சொன்னால் போதும்.

பின்னர் மனம் ஒப்பவில்லை எனில் அதைச் சொல்லும் உரிமை பெற்றோர்க்கு உண்டு. முடிவெடுக்கும் உரிமை வயது வந்த பிள்ளைகளுக்கு உண்டு. இவ்விரண்டும் மோதும் நாள் ஒன்று வரலாம். அந்நாளில் மகள் பேச வீட்டுக்கு வருவாளா, வரமாட்டாளா என்பதை, அவள் விரும்பியவர் முதன்முறை வந்தபோது வீடு நடந்துகொண்ட முறை தீர்மானித்திருக்கும்.

மேற்குத் தாம்பரத்துத் தந்தை இன்னும் காலங்கடந்துவிடவில்லை. அந்தத் தேன்புட்டி எங்கோ அலமாரியில் இருக்கலாம். மகள் பணியிலிருந்து திரும்பும் மாலையொன்றில் அவர் அவளிடம், “அன்றைக்கு அந்தப் பிள்ளையிடம் கடுமையாகப் பேசிவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை காலையில் சாப்பிட வரச்சொல்லம்மா” என்று கூறலாம். தந்தை ஒருவர் அவ்வாறு கூறுவது எளிதன்று. பர்யுஷணத்தின் நிறைவில் எவ்வுயிரிடத்தும் பொறுத்தருள வேண்டுவது சமணர் வழக்கம். எல்லா உயிர்க்கும் சொல்லும் அச்சொல்லை, தன் வீட்டு வாயிலுக்கு வந்து திரும்பிய ஓர் இளைஞனுக்குச் சொல்வதில் குறைவு ஏதுமில்லை.

சிரேயாம்ச மன்னன் அன்று கொடுத்தது ஒரு கை கருப்பஞ்சாறு. அவன் களஞ்சியத்தில் அதைவிட விலையுயர்ந்தவை ஆயிரம் இருந்திருக்கும். வந்தவருக்கு வேண்டியதை அறிந்து கொடுத்தமையால் அக்கொடை குறைவுபடாத கொடையாயிற்று. நாளும் அட்சய திருதியை என்று பெயர் பெற்றது. தாம்பரத்திலும் குரோம்பேட்டையிலும் சேலையூரிலும் இனி எந்தச் சமண இல்லத்து வாயிலில் எவர் வந்து நின்றாலும், அவருக்கு முதலில் கிடைப்பது ஓர் இன்சொல்லாக இருப்பதாக.

அறம் வளர்க!